டாக்டர் அல்லின்சன்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

காந்தியின் ‘சத்திய சோதனை’யில் சில இடங்களில் தலைகாட்டிவிட்டு மறைந்துபோகும் ஓர் ஆங்கில மருத்துவரைப் பற்றி, வாசிப்புக் கூட்டங்களிலும் இயற்கை உணவு முகாம்களிலும் ஒரே வகையான ஐயங்கள் திரும்பத் திரும்ப எழுகின்றன. ஒரு சாரார் அவரை மகான் என்கிறார்கள். இன்னொரு சாரார் போலி மருத்துவர் என்று ஒரே சொல்லில் தள்ளிவிடுகிறார்கள். கேட்டவர்களின் சொற்களிலேயே கேள்விகளைத் தொகுத்து, உறுதியாகத் தெரிந்தவற்றை மட்டும் பதிலாக எழுதியிருக்கிறேன்.

சத்திய சோதனையில் வருகிற டாக்டர் அல்லின்சன் யார்?

தாமஸ் ரிச்சர்ட் அல்லின்சன் 1858-ஆம் ஆண்டு மார்ச் 29 அன்று இங்கிலாந்தின் மான்செஸ்டர் நகரத்தைச் சேர்ந்த ஹியூம் பகுதியில் பிறந்தார். 1918-ஆம் ஆண்டு நவம்பர் 29 அன்று லண்டனில் தமது அறுபதாவது வயதில் காலமானார். விக்டோரியா அரசியின் காலத்து மருத்துவர்களில், மருந்துச் சீட்டை ஒதுக்கிவைத்து உணவையே சிகிச்சையாகக் கொண்டவர் என்று பெயர் பெற்றவர்.

அவருடைய மனைவி அன்னா புல்வர்மாக்கர் ஓவியர். மகன்களில் ஏட்ரியன் ஓவியராகப் பெயர் பெற்றார். பெர்ட்ரண்ட் தந்தையைப் போலவே மருத்துவரானார்.

அவர் முறையாகப் படித்துப் பட்டம் வாங்கிய டாக்டரா, இல்லை தானாகவே டாக்டர் என்று போட்டுக்கொண்டவரா?

முறையாகப் படித்தவர்தான். ஸ்காட்லாந்தின் எடின்பரோவில் மருத்துவம் பயின்று, அங்குள்ள அரச மருத்துவர் கல்லூரியின் உரிமத்தை 1879-இல் பெற்றார். அதன்பிறகு சில ஆண்டுகள் பிற மருத்துவர்களிடம் உதவியாளராக வேலை பார்த்தார். லண்டனின் கிழக்குப் பகுதியில், அதாவது ஏழைத் தொழிலாளர்கள் நெருக்கியடித்துக் குடியிருந்த பகுதியில், வேலை செய்தது அந்தக் காலத்தில்தான். 1885 வாக்கில் மேரிலிபோன் பகுதியில் சொந்தமாக மருத்துவமனை வைத்தார். ஸ்பானிஷ் பிளேஸ் 4-ஆம் எண் வீடு கடைசிவரை அவருடைய முகவரியாக இருந்தது.

போலி மருத்துவர் என்னும் பேச்சு எங்கிருந்து வந்தது என்றால், 1892-இல் அவர் பெயர் மருத்துவர் பதிவேட்டிலிருந்து நீக்கப்பட்டதிலிருந்து வந்தது. அந்தக் கதை பின்னால் வருகிறது.

மருந்தே கொடுக்க மாட்டாராமே? அப்புறம் நோயாளிக்கு என்னதான் கொடுத்தார்?

அறிவுரை கொடுத்தார், அதற்குக் கட்டணமும் வாங்கினார். தம் முறைக்கு ‘சுகாதார மருத்துவம்’ என்று பெயரிட்டு 1886-இல் ஒரு நூலும் எழுதினார். முழுக்கோதுமை ரொட்டி, பழம், காய்கறி, பருப்பு ஆகியவற்றை அளவாகச் சாப்பிடுவது, திறந்த வெளியில் நடப்பது, சன்னலைத் திறந்து வைத்துத் தூங்குவது, குளிப்பது, மதுவையும் புகையிலையையும் விட்டுவிடுவது என்பவைதான் அவருடைய மருந்துகள். தேநீரும் காபியும்கூட அவருக்கு ஆகாதவை.

இதை இன்று படிக்கும்போது எந்த மருத்துவரும் சொல்லக்கூடிய சாதாரண அறிவுரையாகத் தோன்றும். 1880-களின் மருந்துப் பெட்டியில் என்ன இருந்தது என்று தெரிந்தால்தான் அதன் கனம் புரியும். பாதரச உப்பு, ஆண்டிமனி, அபினி, எட்டிக்கொட்டையிலிருந்து எடுக்கும் ஸ்ட்ரிக்னைன் ஆகியவையெல்லாம் அன்றாடம் எழுதிக் கொடுக்கப்பட்டன. உடம்பு தேறுவதற்குப் பிராந்தி கொடுப்பதும் வழக்கமாக இருந்தது. அத்தகைய காலத்தில் ஒன்றும் கொடுக்காமல் நல்ல சாப்பாடும் காற்றும் பரிந்துரைத்த மருத்துவர், பல நோயாளிகளுக்கு நன்மையே செய்திருப்பார் என்று நம்பலாம். ஆனால் மருந்து எதுவுமே கூடாது என்று அதையே பொதுவிதியாக்கியது வேறு விஷயம்.

ஒரு நாளைக்கு என்ன சாப்பிடச் சொன்னார்? சரியான அளவு உண்டா?

உண்டு. 1915-இல் வெளிவந்த அவருடைய சைவச் சமையல் நூலில் உணவுப் பட்டியல்கள் இருக்கின்றன. காலை உணவுக்கு அவர் சொல்லும் ஒரு வகை இது: ஆறு முதல் எட்டு அவுன்ஸ் வரை, அதாவது ஏறத்தாழ 170 முதல் 225 கிராம் வரை, முழுக்கோதுமை ரொட்டி, அதோடு பழுத்த பழமோ பருவத்தில் கிடைக்கும் பச்சைக் கீரையோ. சாப்பிட்டு முடித்த பிறகு, அதிகச் சூடில்லாத, நீர்த்த, இனிப்புக் குறைந்த கொக்கோ ஒரு கோப்பை. கொக்கோ வேண்டாம் என்றால் தண்ணீர் கலந்த பால், தவிட்டுத் தேநீர், அதுவும் இல்லையென்றால் காய்ச்சி ஆறவைத்த வெறும் தண்ணீர்.

தவிட்டுத் தேநீர் என்பது கோதுமைத் தவிட்டைக் கொதிக்கவைத்து இறுத்த நீர்தான். வீணாகப் போகிற பொருள் எதுவும் தம் சமையலறையில் இருக்கக் கூடாது என்று நினைத்தவர் போலிருக்கிறது. இரவு உணவைப் படுப்பதற்குக் குறைந்தது மூன்று மணி நேரம் முன்பே முடித்துவிட வேண்டும் என்பதும் அவருடைய விதிகளில் ஒன்று.

அவர் பால், முட்டைகூடத் தொடாத சுத்த சைவமா?

இல்லை. மேலே சொன்ன பட்டியலிலேயே பால் இருப்பதைக் காணலாம். முட்டையையும் அவர் அறவே விலக்கவில்லை. சற்றே ஆடம்பரம் வேண்டுபவர்கள் ஒன்று சேர்த்துக்கொள்ளலாம், மலச்சிக்கல் உள்ளவர்கள் தவிர்க்கட்டும் என்ற அளவில் விட்டுவிடுகிறார். இறைச்சியையும் மீனையும்தான் அவர் விலக்கினார். நம் ஊர்க் கணக்கில் முட்டை சாப்பிடுபவரைச் சைவர் என்று ஒப்புக்கொள்ள மாட்டோம் என்றாலும், பத்தொன்பதாம் நூற்றாண்டு இங்கிலாந்தின் சைவ உணவு இயக்கம் பெரும்பாலும் பாலையும் முட்டையையும் அனுமதித்த இயக்கமே.

ரொட்டியைப் பற்றி இவ்வளவு வாதாட என்ன இருக்கிறது? நாம் சோறு சாப்பிடுபவர்கள், புரியவில்லை.

அன்றைய ஆங்கிலத் தொழிலாளிக்கு ரொட்டி தொடுகறி அல்ல. வயிற்றை நிரப்பிய முதன்மை உணவே அதுதான். தீட்டிய அரிசியா தீட்டாத அரிசியா என்பது நமக்கு எவ்வளவு பெரிய கேள்வியோ, வெள்ளை ரொட்டியா முழுக்கோதுமை ரொட்டியா என்பது அவர்களுக்கு அவ்வளவு பெரிய கேள்வி.

கோதுமை மணியில் ஏறத்தாழ 83 விழுக்காடு மாவுப்பகுதி, 14 விழுக்காடு தவிடு, மிச்சமுள்ள இரண்டு மூன்று விழுக்காடு முளை. கல் ஆலையில் இவை மூன்றும் சேர்ந்தே அரைபடும். பிறகு துணியில் சலித்தால் தவிட்டில் ஒரு பகுதி விலகுமே தவிர, முளையின் எண்ணெயும் நுண்துகள்களும் மாவிலேயே தங்கிவிடும். 1870-களின் நடுப்பகுதியிலிருந்து எஃகு உருளை ஆலைகள் பிரிட்டனுக்கு வரத் தொடங்கின. உருளைகளுக்கிடையில் முளை அரைபடாமல் தட்டையாக நசுங்குவதால், அதை அப்படியே சலித்து எடுத்துவிட முடிந்தது. எண்ணெய் போய்விட்டதால் மாவு சிக்குவாடை அடிக்காமல் மாதக்கணக்கில் தாங்கியது. பார்ப்பதற்கும் பளிச்சென்று வெளுத்திருந்தது. முன்பு செல்வர் வீட்டில் மட்டுமே இருந்த வெள்ளை ரொட்டி ஏழைக்கும் மலிவாகக் கிடைத்தது. அதை அவர்கள் முன்னேற்றமாகவே கருதினார்கள் என்பதை மறந்துவிடக் கூடாது.

இதற்கு முந்தைய தலைமுறையில் ரொட்டியை வெளுப்பாக்கப் படிகாரம் கலக்கும் வழக்கமும் இருந்தது. ஆர்தர் ஹில் ஹாஸல் என்ற மருத்துவர் 1850-களில் லண்டன் கடைகளின் உணவுப் பொருள்களை நுண்ணோக்கியில் ஆராய்ந்து கலப்படங்களை வெளிக்கொணர்ந்தார். 1875-இல் உணவு, மருந்து விற்பனைச் சட்டம் வந்தது. ஆகவே, ரொட்டியின் வெண்மையைச் சந்தேகிப்பது அல்லின்சன் தொடங்கிவைத்த வேலை அல்ல. மே யேட்ஸ் என்ற பெண்மணி 1880-இலேயே ரொட்டிச் சீர்திருத்தத்துக்கென ஒரு கழகம் நிறுவியிருந்தார். அல்லின்சன் செய்தது, அந்தக் கருத்துக்கு மருத்துவரின் குரலையும், பிறகு ஓர் ஆலையையும் கொடுத்தது.

வைட்டமின் என்றால் என்னவென்றே தெரியாத காலத்தில் அவருக்கு எப்படி இது தெரிந்தது?

நாம் நினைக்கிற வகையில் அவருக்குத் தெரியாது. தீட்டிய அரிசியை மட்டும் தின்ற கோழிகளுக்குப் பெரிபெரி என்னும் சத்துக்குறை நோய் போன்ற ஒன்று வருகிறது என்பதை டச்சு மருத்துவர் ஐக்மான் ஜாவாத் தீவில் கண்டு எழுதியது 1890-களில். உயிர்வேதியியல் ஆய்வாளர் காசிமிர் ஃபங்க் ‘வைட்டமின்’ என்ற பெயரைச் சூட்டியது 1912-இல். அல்லின்சன் முழுக்கோதுமை ரொட்டியின் நன்மைகளைப் பற்றித் தனி நூல் வெளியிட்டது 1889-இல்.

அவர் முன்வைத்த காரணங்கள் வேறு. தவிட்டில் தாது உப்புகளும் புரதச்சத்தும் இருக்கின்றன, அவற்றை எடுத்துவிட்டால் ரொட்டி பாதி உணவாகிவிடுகிறது என்றார். செரிக்காமல் மிஞ்சும் பகுதி குடலை இயங்கவைக்கிறது, வெள்ளை ரொட்டியால் மலச்சிக்கல் வருகிறது என்றார். இரண்டாவது காரணம் நன்றாகவே நிலைத்துநின்றது: 1970-களில் டெனிஸ் பர்கிட் என்ற அறுவை மருத்துவர் நார்ச்சத்துக் கருத்தைப் பரப்பியபோது மருத்துவ உலகம் அதே இடத்துக்கு வந்து சேர்ந்தது. முளையோடும் தவிட்டோடும் போய்விடும் தயமின் என்ற பி1 வைட்டமினைப் பற்றி அவர் எதுவும் சொல்லியிருக்க முடியாது. முடிவு சரியாக இருந்தது, காரணத்தில் பாதி பிற்காலத்தில்தான் கிடைத்தது. ஆகவே அவரைத் தீர்க்கதரிசி என்று கொண்டாடுவதை நான் ஏற்பதில்லை. நோயாளிகளின் குடலைக் கவனித்துப் பார்த்த மருத்துவர் என்பதே அவருக்குப் போதுமான பாராட்டு.

சைவ உணவைச் சொன்னதற்காகத்தானே அவரைப் பதிவேட்டிலிருந்து நீக்கினார்கள்?

இல்லை. மிக அதிகமாகப் பரவியுள்ள தவறான கருத்து இதுதான். பிரிட்டனில் மருத்துவர் பதிவேட்டைப் பராமரிக்கும் கவுன்சிலை நிறுவிய மருத்துவச் சட்டம், தற்செயலாக அல்லின்சன் பிறந்த அதே 1858-இல் இயற்றப்பட்டது. மருத்துவர் ஒருவர் தொழிலில் இழிவான முறையில் நடந்துகொண்டதாகக் கவுன்சில் முடிவுசெய்தால் அவர் பெயரை நீக்கலாம் என்று அதன் 29-ஆம் பிரிவு கூறுகிறது. அந்தப் பிரிவின்கீழ்தான் 1892-இல் நடவடிக்கை எடுக்கப்பட்டது. புகார் கொடுத்தது மருத்துவர்களின் பாதுகாப்புச் சங்கம்.

அல்லின்சன் 1880-களின் நடுவிலிருந்து ‘வீக்லி டைம்ஸ் அண்ட் எக்கோ’ என்ற லண்டன் வார இதழில் மருத்துவப் பகுதி எழுதிவந்தார். வாசகர் கடிதங்களுக்கு அதிலேயே பதிலும் சொன்னார். இவற்றைத் தொகுத்து ‘மருத்துவக் கட்டுரைகள்’ என்று பல தொகுதிகளாகவும் வெளியிட்டார். பத்திரிகைகளில் தம் பெயரும் முகவரியும் கட்டணமும் தெரிய விளம்பரம் செய்தார், மருந்து கொடுக்கும் பிற மருத்துவர்களை ஒட்டுமொத்தமாகத் தாக்கினார், அவர்களிடம் போகாமல் தம்மிடம் வரும்படி மக்களை அழைத்தார் என்பவைதான் குற்றச்சாட்டின் சாரம். மருத்துவர் விளம்பரம் செய்வது அன்று பெருங்குற்றம்.

அவருடைய உணவுக்கொள்கை எரிச்சலைக் கிளப்பியிராவிட்டால் இவ்வளவு தூரம் போயிருப்பார்களா என்று கேட்டால், போயிருக்க மாட்டார்கள் என்றே நினைக்கிறேன். ஆனால் அது என் ஊகம். ஏட்டில் உள்ள குற்றச்சாட்டில் உணவு இல்லை.

நீதிமன்றத்துக்குப் போனாராமே, அங்கே என்ன தீர்ப்பு வந்தது?

தோற்றார். மேல்முறையீட்டு நீதிமன்றம் 1894-இல் அளித்த அந்தத் தீர்ப்பில் இரண்டு விஷயங்கள் முக்கியமானவை. கவுன்சில் உறுப்பினர்களில் ஒருவர் புகார் கொடுத்த சங்கத்தோடும் தொடர்புடையவராக இருந்ததால் விசாரணை நடுநிலையானது அல்ல என்று அல்லின்சன் தரப்பு வாதாடியது. அவர் சங்கத்தின் நடவடிக்கைகளில் பங்கெடுக்கவில்லை என்று கூறி நீதிமன்றம் அதை ஏற்க மறுத்தது. அடுத்து, தொழிலில் இழிவான நடத்தை என்றால் என்ன என்ற கேள்விக்கு, நற்பெயரும் திறமையும் உள்ள சக மருத்துவர்கள் எதை நியாயமாகவே மானக்கேடு என்றோ நேர்மையற்றது என்றோ கருதுவார்களோ அதுதான் என்று நீதிபதி லோப்ஸ் விளக்கம் தந்தார். இந்த விளக்கம் அல்லின்சனைவிட நீண்ட ஆயுள் பெற்றது. இந்தியாவில் வழக்கறிஞர்களின் தொழில் ஒழுங்கு பற்றிய தீர்ப்புகளிலும் அது மேற்கோள் காட்டப்படுகிறது.

நீக்கப்பட்ட பிறகும் தம் பட்டத்தைப் பயன்படுத்தியதற்காக அவருக்கு 20 பவுண்டு அபராதம் விதிக்கப்பட்டது. அதற்குப்பின் பட்டத்துக்கு முன்னால் ‘முன்னாள்’ என்று சேர்த்துக்கொண்டு எழுதினார். நோயாளிகள் வருவதும் நிற்கவில்லை.

காந்தி அவருக்காக வாதாடினார் என்கிறார்களே, எதற்காக?

இது வேறு நீக்கம். லண்டன் சைவ உணவாளர் சங்கத்தின் தலைவர் அர்னால்ட் ஹில்ஸ், தேம்ஸ் இரும்பாலையின் அதிபர். (அவருடைய ஆலைத் தொழிலாளர்களுக்காக 1895-இல் தொடங்கிய கால்பந்துக் குழுதான் பின்னாளில் வெஸ்ட் ஹாம் யுனைடெட் ஆயிற்று.) அல்லின்சன் செயற்கைக் கருத்தடையை ஆதரித்து அதன் வழிகளைத் தொழிலாளர்களிடையே பரப்பியது, கடுமையான ஒழுக்கவாதியான ஹில்ஸுக்குப் பொறுக்கவில்லை, அவரைச் சங்கத்திலிருந்து விலக்கத் தீர்மானம் கொண்டுவந்தார்.

அப்போது சட்டம் படித்துக்கொண்டிருந்த காந்தி சங்கத்தின் செயற்குழு உறுப்பினர். அல்லின்சனின் கருத்தடைக் கருத்துகள் ஆபத்தானவை என்றே அவரும் எண்ணினார். இருந்தும், சைவ உணவைப் பரப்புவது மட்டுமே நோக்கமாகக் கொண்ட ஒரு சங்கம், ஒழுக்கம் பற்றிய கருத்து வேறுபாட்டுக்காக ஒரு சைவ உணவாளரை வெளியேற்றுவது முறையல்ல என்பது அவர் வாதம். எழுந்து பேசத் துணிவில்லாமல் எழுதிக்கொண்டு போனார். அதை வாசிக்கவும் நா எழவில்லை. தலைவர் இன்னொருவரை வாசிக்கச் செய்தார். அல்லின்சன் தோற்றார், காந்தி தோற்ற பக்கத்தில் நின்றார். தம் கூச்சத்தைப் பற்றிய அத்தியாயத்தில்தான் காந்தி இதைச் சொல்கிறார் என்பதால், பலர் கூச்சத்தை மட்டும் நினைவில் வைத்துக்கொண்டு வாதத்தை விட்டுவிடுகிறார்கள்.

அல்லின்சன் எழுதிய கருத்தடைப் புத்தகத்தைப் படித்துவிட்டுத்தான் அந்தச் சண்டை வந்ததா?

அப்படி இருக்க முடியாது. ‘மணமான பெண்களுக்கான நூல்’ என்ற பொருள்படும் அவருடைய புத்தகம் 1894-இல் வந்தது. காந்தி 1891 ஜூனிலேயே இந்தியாவுக்குக் கப்பலேறிவிட்டார். ஆகவே சங்கத்தில் எழுந்த சண்டைக்குக் காரணம் அந்த நூல் அல்ல, அதற்கு முன்பே அவர் பேசியும் எழுதியும் வந்த கருத்துகள்தான். அதேபோல, கருத்தடைக்காகத்தான் மருத்துவக் கவுன்சில் நீக்கியது என்று இரண்டு நீக்கங்களையும் ஒன்றாக்கிக் குழப்புபவர்கள், பதிவேட்டைப் பற்றிய மேற்கண்ட பதிலைப் பார்க்கவும்.

காந்திக்கு அவர் வைத்தியமும் பார்த்தாராமே? குணமாயிற்றா?

பார்த்தார், முழுக் குணம் என்று சொல்ல முடியாது. 1914 ஆகஸ்டில், உலகப் போர் தொடங்கிய நாள்களில், காந்தி மறுபடி லண்டன் வந்திருந்தார். நுரையீரல் உறையில் அழற்சி கண்டு படுத்தார். டாக்டர் ஜீவராஜ் மேத்தா பார்த்துக்கொண்டார். பாலும் தானியமும் சாப்பிடும்படி கோகலேயும் வற்புறுத்தினார். காந்தி இணங்கவில்லை. மாணவப் பருவத்தில் அல்லின்சனின் எழுத்துகளைப் படித்துப் பயனடைந்திருந்த காந்தி, அவரை வரவழைத்தார்.

பால் தேவையில்லை, சில நாள்களுக்குக் கொழுப்பு எதுவுமே வேண்டாம் என்று அல்லின்சன் சொன்னது காந்திக்குத் தேனாக இனித்திருக்கும். வெறும் முழுக்கோதுமை ரொட்டி, பீட்ரூட், முள்ளங்கி, வெங்காயம் போன்றவற்றைச் சமைக்காமல் பச்சையாக, மெல்ல முடியாவிட்டால் துருவி, அதோடு ஆரஞ்சு முதலான பழங்கள். வெதுவெதுப்பான நீரில் குளிக்க வேண்டும், வலிக்கும் இடத்தில் எண்ணெய் தேய்க்க வேண்டும், கால் மணி முதல் அரை மணி நேரம் வெளியில் நடக்க வேண்டும், அறைச் சன்னல்கள் இருபத்துநான்கு மணி நேரமும் திறந்திருக்க வேண்டும். காந்தியின் அறைச் சன்னலை அகலத் திறந்தால் மழை உள்ளே வரும். மேலே இருந்த சிறு கண்ணாடிகளோ திறக்கவே முடியாதவை. கண்ணாடியை உடைத்துக் காற்றுக்கு வழிசெய்தார் காந்தி.

உடம்பு ஓரளவு தேறியது, ஆனால் பச்சைக் காய்கறி ஒத்துக்கொள்ளவில்லை. சில நாள்களிலேயே நிறுத்திவிட்டார். அந்தச் சோதனைக்கு முழு நியாயம் செய்யத் தம் உடல் இடம் தரவில்லை என்று காந்தியே எழுதியிருக்கிறார். முகாம்களில் இந்தச் சம்பவத்தை ‘அல்லின்சன் காந்தியைக் குணப்படுத்தினார்’ என்று சொல்லும்போது, இந்த வரியை யாரும் சொல்வதில்லை.

மாவு ஆலை வைத்திருப்பவர் முழுக்கோதுமை மாவு நல்லது என்று சொன்னால் எப்படி நம்புவது?

நியாயமான சந்தேகம். 1892-இல், அதாவது பதிவேட்டிலிருந்து நீக்கப்பட்ட அதே ஆண்டில், ‘நேச்சுரல் ஃபுட் கம்பெனி’ என்ற நிறுவனத்தைத் தொடங்கிக் கிழக்கு லண்டனின் பெத்னல் கிரீன் பகுதியில் கல் ஆலை ஒன்றை வாங்கினார். ‘மருந்தில்லா ஆரோக்கியம்’ என்பது அதன் முழக்கம். மாவு, ரொட்டி, குழந்தை உணவு, காபிக்குப் பதிலாக ‘புரூனாக்’ என்ற பானம் எல்லாம் விற்பனைக்கு வந்தன. அவருடைய உணவுப் பட்டியல்களிலும் எந்த ரொட்டி என்று பெயர் சொல்லாமல் விடுவதில்லை: அல்லின்சன் ரொட்டிதான்.

காலவரிசை அவருக்குச் சாதகமாக இருக்கிறது. முழுக்கோதுமையைப் பற்றிய நூல் 1889-இல் வந்துவிட்டது, ஆலை பிறகுதான் வந்தது. விற்பதற்காகக் கொள்கையை உருவாக்கவில்லை. ஆனால் ஆலை வந்தபின் எழுதியவற்றை விளம்பரம் கலந்தவையாகவே படிக்க வேண்டும், குறிப்பாக அந்தச் சமையல் நூலை.

தடுப்பூசி வேண்டாம் என்றும் சொன்னாரே, அதையும் ஏற்க வேண்டுமா?

ஏற்க வேண்டியதில்லை. இங்கிலாந்தில் 1853-இல் குழந்தைகளுக்கு அம்மைத் தடுப்பு கட்டாயமாக்கப்பட்டது. அதற்கு எதிராக எழுந்த இயக்கத்தின் பக்கம் அல்லின்சன் நின்றார். அன்றைய அம்மை குத்தும் முறையில் அசுத்தம் இருந்ததும், ஏழைகள் மீது அபராதம் விதிக்கப்பட்டதும் உண்மை. மனச்சாட்சியின் பேரில் மறுக்கும் உரிமையை 1898-இல் நாடாளுமன்றமே வழங்கியது. எனினும் பெரியம்மை உலகிலிருந்து ஒழிந்தது தடுப்பூசியால்தான், பச்சைக் காய்கறியால் அல்ல. ரொட்டியில் சரியாக இருந்தவர் எல்லாவற்றிலும் சரியாக இருப்பார் என்று எடுத்துக்கொள்வதால் வரும் குழப்பம் இது. இன்றைய இயற்கை மருத்துவப் பிரசாரகர்கள் சிலர் அவரைத் துணைக்கு அழைப்பது பெரும்பாலும் இந்த இடத்தில்தான் என்பது வருத்தத்துக்குரியது.

இங்கிலாந்துக் கடைகளில் இன்றும் அல்லின்சன் என்ற பெயரில் மாவு இருக்கிறது. அவர் குடும்பம்தான் நடத்துகிறதா?

இல்லை. அந்தப் பெயர் இப்போது ‘அசோசியேட்டட் பிரிட்டிஷ் ஃபுட்ஸ்’ என்ற பெருநிறுவனத்தின் வணிகப் பெயர்களில் ஒன்று. முதல் உலகப் போரில் தானியத் தட்டுப்பாடு வந்தபோது, 1917-இல் கோதுமையிலிருந்து அதிக அளவு மாவு எடுக்கும்படி அரசே ஆலைகளைக் கட்டாயப்படுத்தியது. தவிடு கூடிய ரொட்டியை நாடு முழுவதும் தின்றதை அல்லின்சன் தம் கடைசி ஆண்டில் பார்த்தார். அவர் மறைவுக்குப் பின் நிறுவனம் யார்க்ஷயரின் கேஸில்ஃபோர்டில் ஏர் ஆற்றங்கரையிலிருந்த பெரிய ஆலையில் கல்லரைவையைத் தொடர்ந்தது. அந்த ஆலை 2010-இல் மூடப்பட்டது. எதையும் எடுத்துவிடாத ரொட்டி என்று யார்க்ஷயர் வட்டார வழக்கில் வந்த அதன் விளம்பரம், ஒரு காலத்தில் பிரிட்டிஷ் வீடுகளில் எல்லாருக்கும் தெரிந்த வாசகம்.

முழுக்கோதுமை மாவு இன்னும் அந்தப் பெயரில் கிடைக்கிறது. அதே அலமாரியில், அதே பெயரோடு, ரொட்டி சுடுவதற்கான வெள்ளை மாவும் விற்கிறது.